13 நாற்காலி மதுக்கூடத்தின் தொகுப்பாளர்: சோவியத் டிவி நகைச்சுவையில் ஓர் இளம் நடிகர் நடந்த பாதை

இந்த ஆய்வில் வரும் நடிகர்களின் பெயர்களை எழுதவில்லை. ஆண்டுகள், ஊர்கள், அமைப்புகள், நிகழ்ச்சியின் பெயர் ஆகியவை உள்ளபடியே இருக்கின்றன. முப்பதைத் தாண்டிய ஒரு நாடக நடிகர் சோவியத் மத்தியத் தொலைக்காட்சியின் மிகப் பிரபலமான நகைச்சுவைத் தொடரான ‘13 நாற்காலி மதுக்கூட’த்துக்குள் வருகிறார், ஏறக்குறைய பன்னிரண்டு ஆண்டுகள் அதன் முகமாக இருக்கிறார், பிறகு ஓர் அரசியல் நெருக்கடியில் அந்தத் தொடர் நிறுத்தப்படுகிறது. அதற்கு முன்னும் பின்னும் அவர் எடுத்த முடிவுகள்தான் இங்கே பேசப்படும் விஷயம். டிவி புகழும் நாடகத் தொழிலும் மோதும் இடத்தில் நிற்கும் எந்த இளம் நடிகருக்கும் இது பயன்படும் என்று நம்புகிறேன்.

பின்னணி

அவர் 1936-இல் மாஸ்கோவில் பிறந்தவர். தந்தையும் பெயர் பெற்ற நாடக நடிகர், வாக்தாங்கோவ் அரங்கைச் சேர்ந்தவர். அந்த அரங்கோடு இணைந்த ஷூக்கின் நாடகப் பள்ளியில்தான் மகனும் படித்தார். தந்தை 1951-இல் இறந்துவிட்டதால் குடும்பத்தின் பெயர் மட்டும் துணைக்கு இருந்தது, ஆதரவாக ஆள் இல்லை.

1959-இல் படிப்பை முடித்து லெனின் கொம்சொமோல் அரங்கில் சேர்ந்தார். 1963-இல் அங்கே புதிய தலைமை இயக்குநர் வந்தார். உளவியல் நுட்பத்துக்குப் பெயர் போனவர், அந்தக் காலத்து மாஸ்கோ நாடக உலகில் மிகவும் மதிக்கப்பட்டவர். மேலிடத்துக்கு அவரைப் பிடிக்கவில்லை. 1967-இல் பதவியிலிருந்து நீக்கி, மாலயா பிரோன்னயா தெருவில் இருந்த அரங்குக்குச் சாதாரண இயக்குநராக மாற்றினார்கள். அவரோடு போன நடிகர்களில் நம் இளைஞரும் ஒருவர். அடுத்த ஆண்டே, 1968-இல், அங்கிருந்தும் விலகி மாஸ்கோ அங்கத நாடக அரங்கில் சேர்ந்தார். 1924-இல் தொடங்கிய நகைச்சுவை அரங்கு அது.

தொழில் தொடங்கிப் பத்தாண்டு ஆவதற்குள் மூன்று அரங்குகள். சோவியத் நாடக முறையில் இது சாதாரணம் இல்லை. அங்கே நடிகர் என்பவர் ஓர் அரங்கின் நிரந்தர ஊழியர். மாதச் சம்பளம், தரப்படி ஊதியம், ஆண்டுக்கணக்கில் ஓடும் நாடகங்கள், அவற்றில் ஒதுக்கப்பட்ட வேடங்கள், வீட்டுக்கான வரிசையில் இடம் என்று எல்லாமே அரங்கு வழியாகத்தான் வரும். அரங்கு மாறினால் இதில் பெரும்பகுதியைப் புதிதாகத் தொடங்க வேண்டும். புதிய இடத்தில் முக்கிய வேடங்கள் ஏற்கெனவே மற்றவர்கள் கையில் இருக்கும். அங்கத அரங்கிலும் அப்படித்தான் இருந்தது. அந்த அரங்கின் பெரிய நட்சத்திரம் அவரைவிட ஐந்து வயது இளையவர். 1969-இல் அரங்கேறிய ‘ஃபிகாரோவின் திருமணம்’ நாடகத்தின் நாயகன் அவர்தான்.

இன்னொன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 1970 வாக்கில் சோவியத் ஒன்றியத்தில் சுமார் 3.5 கோடி டிவி பெட்டிகள் இருந்தன. 1967-இல் மாஸ்கோவில் ஓஸ்தாங்கினோ ஒளிபரப்புக் கோபுரமும் பெரிய ஸ்டுடியோ வளாகமும் இயங்கத் தொடங்கின. ஓர் அரங்கில் ஒரு மாலைக்கு ஆயிரத்துச் சொச்சம் பேர் பார்க்கலாம். டிவியில் ஒரே மாலையில் கோடிக்கணக்கானோர் பார்த்தார்கள். இந்த அளவு வித்தியாசத்தை நாடகக்காரர்கள் யாரும் அதற்கு முன் கையாண்டதில்லை.

நிகழ்ச்சி எப்படி அமைந்தது

1966 ஜனவரியில் ‘நல்மாலை’ என்ற பெயரில் முதல் ஒளிபரப்பு வந்தது. விரைவிலேயே ‘13 நாற்காலி மதுக்கூடம்’ என்ற பெயர் நிலைத்தது. போலந்தில் படப்பிடிப்புக்குப் போய் வந்த ஒரு நடிகரின் யோசனை அது. போலந்து நகைச்சுவை இதழ்களில், முக்கியமாக ‘ஷ்பில்கி’யில், வந்த சின்னச் சின்னக் கதைகளை எடுத்து, ஒரு சிறிய மதுக்கூடத்தில் தினமும் வந்து உட்காருகிறவர்கள் பேசிக்கொள்வதுபோல அமைத்தார்கள். நடிகர்களில் பெரும்பாலோர் அங்கத அரங்கைச் சேர்ந்தவர்கள்.

பாத்திரங்கள் எல்லோரும் போலந்துக்காரர்கள். ஆணுக்கு ‘பான்’, பெண்ணுக்கு ‘பானி’ என்று மரியாதை அடைமொழி. அதிகாரத் தோரணையுள்ள பான் இயக்குநர், ஓயாமல் பேசும் பானி மோனிகா, உடம்பு மட்டும் வளர்ந்த பான் விளையாட்டு வீரர், பான் பேராசிரியர், அழகி பானி கத்தரீனா, தொலைபேசியில் மனைவியிடம் “ஹலோ, லியூல்யோக், நான்தான்” என்று தொடங்கி நீளமாகப் புலம்பும் பான் ஜியூஸ்யா. ஒவ்வொருவருக்கும் ஒரே ஒரு குணம்தான். வாசலில் ஒருவர் நுழைந்ததும் என்ன வரப்போகிறது என்பது பார்வையாளருக்குத் தெரியும். அது தெரிவதுதான் அவர்களுக்குப் பிடித்தது.

போலந்துப் பெயர்கள் வெறும் அலங்காரம் அல்ல. அலுவலகத்தில் தூங்குபவர், மேலதிகாரிக்குக் குழைபவர், கடையில் பொருள் கிடைக்காமல் அலைபவர் போன்றோரை மாஸ்கோக்காரராகக் காட்டினால் ஒவ்வொரு வரிக்கும் தணிக்கையில் விளக்கம் சொல்ல வேண்டிவரும். வார்சாவில் இருப்பதாகக் காட்டினால் அந்தச் சிக்கல் குறைந்தது. நட்பு நாட்டின் இதழில் ஏற்கெனவே அச்சாகி வந்த கதை என்பதும் உதவியது. மொத்தத் தொடரும் இந்த ஒரு பாதுகாப்பின் மேல் கட்டப்பட்டது. இதைக் கவனத்தில் வைத்துக்கொண்டு மேலே படிக்க வேண்டும், ஏனென்றால் 1980-இல் முறிந்தது இந்த இடம்தான்.

இளைஞர் உள்ளே வந்த விதம்

தொடரின் முதல் தொகுப்பாளர், யோசனையைக் கொண்டுவந்த அதே நடிகர். அவர் சீக்கிரமே விலகிவிட்டார். அடுத்து, மேலே சொன்ன அரங்கின் நட்சத்திரமே மிகக் குறுகிய காலம் அந்த இடத்தில் நின்று பார்த்தார். அது நிலைக்கவில்லை. மூன்றாவதாக வந்தவர்தான் நம் நடிகர். பான் தொகுப்பாளர் என்றே அவரை அழைத்தார்கள். கடைசி ஒளிபரப்புவரை அந்த இடம் அவருடையதாக இருந்தது.

நட்சத்திரத்துக்குப் பொருந்தாத இடம் இவருக்கு ஏன் பொருந்தியது? இங்கே நான் சொல்வது என் கணிப்பு. நட்சத்திரம் மேடையில் நின்றாலே கண் அவர்மேல்தான் போகும். அவர் பாட வேண்டும், ஆட வேண்டும், ஓட வேண்டும். மதுக்கூடத்தின் தொகுப்பாளர் செய்ய வேண்டியதோ அதற்கு நேர் எதிரான வேலை. மற்றவர் நகைச்சுவை எடுபடும்படி இடம் விட்டு நிற்க வேண்டும்.

ஸ்டுடியோவில் கண்டவை

எஞ்சியிருக்கும் ஒளிப்பதிவுகளைப் பார்த்தால் இந்த வேலையின் நுட்பம் தெரியும். அவர் மேசைகளுக்கு நடுவே நல்ல கோட்டு போட்ட, பண்பான மனிதராக நடமாடுகிறார். ஒருவர் வந்து உட்காருவார். இவர் மென்மையாக, அக்கறையோடு ஒரு கேள்வி கேட்பார். அந்தக் கேள்வியில் சிரிப்பு எதுவும் இருக்காது. பதிலில்தான் சிரிப்பு வரும். பதில் வந்ததும் இவர் உடனே அடுத்த வரிக்குத் தாவமாட்டார். ஒரு கணம் அந்தப் பதிலை நம்புவதுபோல் பார்ப்பார், புருவம் லேசாக ஏறும், தலை சற்றுச் சாயும். அந்த ஒரு கணத்தில்தான் வீட்டில் இருப்பவர் சிரிக்கிறார். அவர் அவசரப்பட்டிருந்தால் சிரிப்பு அடுத்த வரியின்மேல் விழுந்து இரண்டும் கெட்டிருக்கும்.

உளவியல் நாடகத்தில் பயிற்சி பெற்றவர் என்பது இங்கே தெரிகிறது. எதிரில் இருப்பவர் சொல்வதை நிஜமாகக் கேட்பது, கேட்டதற்கு முகம் கொடுப்பது, அதைப் பெரிதுபடுத்தாமல் விடுவது ஆகியவை அவர் முந்தைய அரங்கில் பழகியிருக்கக்கூடியவை. நகைச்சுவைத் தொடருக்கு அது வீணான படிப்பாகத் தோன்றலாம். உண்மையில் அவர் பன்னிரண்டு ஆண்டு சலிக்காமல் இருந்ததற்கு அதுவே காரணம் என்று நினைக்கிறேன்.

பாட்டுகளைத் தனியாகச் சொல்ல வேண்டும். நிகழ்ச்சியில் போலந்து முதலான வெளிநாட்டுப் பாட்டுகள் வரும். பாடுவது யாரோ ஒரு வெளிநாட்டுப் பாடகர், வாயசைப்பது மதுக்கூடத்து நடிகர்கள். ஒலிபெருக்கியில் பதிவு ஓடும். நடிகை மொழி தெரியாத வரிகளை எழுத்துக் கூட்டி மனப்பாடம் செய்து, பாடகர் மூச்சு எடுக்கும் அதே இடத்தில் தோளைத் தூக்கி, கடைசி நீட்டலுக்கு உதட்டைச் சரியாகப் பிடித்து வைக்க வேண்டும். கேமரா முகத்துக்கு அருகில் வரும்போது ஓர் அசை பிசகினாலும் தெரிந்துவிடும். ஆனால் இவ்வளவு உழைப்பும் நடிகையின் பெயரில் சேரவில்லை, குரலுக்குச் சொந்தக்காரரின் பெயரிலும் சேரவில்லை. பார்த்தவர்களுக்கு அது ‘பானி கத்தரீனாவின் பாட்டு’. நிகழ்ச்சியின் பொதுவான போக்கே இதுதான். வேலை செய்தவரின் பெயர் பின்னால் போய் வேடத்தின் பெயர் முன்னால் நின்றது.

தெருவிலும் அதே நிலை. நடிகர்கள் வெளியூர் போனாலும் கடைக்குப் போனாலும் ஜனங்கள் பான், பானி என்றே கூப்பிட்டார்கள். இதைப் பின்னாளில் அவர்களே பலமுறை சொல்லியிருக்கிறார்கள்.

அரங்கின் அதிருப்தி

அங்கத அரங்கின் தலைமை இயக்குநருக்கு இந்தத் தொடர் பிடிக்கவில்லை. அரங்கிலிருந்த பலரும் பிற்காலத்தில் இதை ஒரே மாதிரி சொல்கிறார்கள். அவருடைய பக்கத்தில் நியாயம் உண்டு. அவர் 1957 முதல் அந்த அரங்கைக் கட்டி எழுப்பியவர். சோவியத் கவிஞர் மாயக்கோவ்ஸ்கியின் நாடகங்களை மேடைக்குத் திரும்பக் கொண்டுவந்ததில் அவருக்குப் பங்கு உண்டு. கனமான நாடகத்தில் ஒரு நடிகை மேடைக்கு வந்ததும் அரங்கில் ‘இதோ பானி மோனிகா’ என்று முணுமுணுப்பு எழுந்தால் அந்தக் காட்சி அங்கேயே உடைந்துவிடுகிறது. நடிகர்களின் நேரமும் பங்காகிறது. பகலில் ஒத்திகை, மாலையில் நாடகம், இடையில் கிடைப்பதெல்லாம் ஓஸ்தாங்கினோவுக்கு.

விளைவு எல்லோருக்கும் ஒரே மாதிரி இல்லை. தொடரின் மிகப் பிரபலமான மூத்த நடிகை, ஆண்டுக்கணக்கில் அரங்கில் தனக்குப் புதிய வேடமே தரப்படவில்லை என்று பிற்காலத்தில் வெளிப்படையாகவே சொன்னார். நாட்டில் தெரியாதவர் இல்லை என்ற நிலையில் இருந்த ஒருவர் தன் சொந்த அரங்கில் வேடம் இல்லாமல் உட்கார்ந்திருந்தார். இந்த ஆய்வில் என்னை மிகவும் வருத்திய பகுதி இதுதான். தண்டனை என்று யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. வேடப் பங்கீட்டுப் பட்டியல் அறிவிப்புப் பலகையில் ஒட்டப்படும்போது அதில் பெயர் இருக்காது, அவ்வளவுதான். அதை எதிர்த்து எங்கே மனு கொடுப்பது?

மாறாக, பான் இயக்குநராக வந்தவருக்கு அரங்கில் ஒரு பெரிய வேடம் இருந்தது. 1968-இல் அரங்கேறிய குழந்தைகள் நாடகத்தில் முதுகில் சுழல்விசிறியோடு பறக்கும் கார்ல்சனாகப் பல பத்தாண்டுகள் நடித்தார். அரங்கில் ஒரு வேடம் உறுதியாக இருந்தவரை டிவி அதிகம் பாதிக்கவில்லை.

எடுத்த முடிவுகளும் காரணங்களும்

நம் நடிகரின் முடிவுகளில் மூன்று முக்கியமானவை. அவை ஒரே நாளில் எடுத்தவை அல்ல. எல்லாவற்றையும் திட்டம் போட்டுச் செய்தார் என்றும் நான் சொல்லவரவில்லை.

அரங்கை விடாமல் இருந்தது முதலாவது. கோடிக்கணக்கானோருக்குத் தெரிந்த முகம், வெளியூர்க் கச்சேரிகளுக்கு அழைப்பு என்றெல்லாம் இருந்தபோது அரங்கின் இரண்டாம் நிலை வேடங்களை விட்டுவிட்டுப் போக ஆசை வரத்தான் செய்யும். அவர் போகவில்லை. மூன்று அரங்கு பார்த்தவருக்கு அரங்கு மாறுவதன் விலை தெரிந்திருக்கும். டிவியில் அவருக்கு நிரந்தர வேலை கிடையாது, ஒவ்வொரு பதிவுக்கும் தனித்தனி ஊதியம்தான். அரங்கில் இருந்ததுதான் வேலை.

இரண்டாவது, வேடத்தைக் கூர்மையாக்காமல் விட்டது. பான் தொகுப்பாளருக்கு விசித்திர நடையோ வட்டார உச்சரிப்போ திரும்பத் திரும்ப வரும் ஒரு வரியோ இல்லை. அதனால் மற்றவர்கள் அளவுக்கு அவர் பெயர் உடனே ஒட்டவில்லை. நீண்ட காலத்தில் அதுவே நன்மை ஆனது. பான் ஜியூஸ்யாவாக வந்த நடிகர் தொடர் நின்ற பிறகும் பல ஆண்டுகள் கச்சேரி மேடைகளில் அந்தத் தொலைபேசியோடு நிற்க வேண்டியிருந்தது. ஜனங்கள் கேட்டது அதைத்தான், அவரும் மனமுவந்து கொடுத்தார். தொகுப்பாளரிடம் அப்படிக் கேட்பதற்கு ஒன்றும் இல்லை.

மூன்றாவதுதான் மிக முக்கியம் என்று கருதுகிறேன். தொடர் உச்சத்தில் இருக்கும்போதே அவர் வெளியே இன்னொன்றைக் கட்டிக்கொண்டார். நாடகப் பள்ளிக் காலத்திலிருந்து ஒரு நண்பர் இருந்தார். மூன்று அரங்குகளிலும் இருவரும் சேர்ந்தே பணியாற்றினார்கள். அந்த நண்பர் 1970-இல் அங்கத அரங்குக்கு வந்தார். மாஸ்கோ நடிகர் இல்லத்தில் நடிகர்கள் தங்களுக்குள் நடத்தும் கேலி மாலைகள் உண்டு. வெளியாட்களுக்கு அனுமதி குறைவு, தணிக்கையின் கண்ணும் குறைவு. அங்கே அந்த நண்பர் பெயர் பெற்றவர். இருவரும் சேர்ந்து இரட்டையர் நகைச்சுவை செய்யத் தொடங்கினார்கள். நண்பர் சோம்பலான, சற்று அலட்சியமான குரலில் பேசுவார். நம்மவர் உற்சாகமாக, எதையும் நம்பும் அப்பாவியாகப் பதில் சொல்வார். மதுக்கூடத்தில் மற்றவருக்கு இடம் விட்டவருக்கு இங்கே தனக்கென்று ஒரு குணம் கிடைத்தது. அதற்குப் போலந்துப் பெயர் தேவைப்படவில்லை. இருவரும் சொந்தப் பெயரில் நின்றார்கள்.

1974-இல் அவருக்கு ருஷ்யக் குடியரசின் ‘மதிப்புக்குரிய கலைஞர்’ பட்டம் வந்தது. மதுக்கூடத்து நடிகர்கள் பலரை போலந்து அரசும் பண்பாட்டு விருது கொடுத்துக் கௌரவித்தது. நாட்டின் தலைவர் பிரெஷ்னேவ் இந்த நிகழ்ச்சியை விரும்பிப் பார்ப்பார் என்று நடிகர்கள் பலர் சொல்லியிருக்கிறார்கள். 1970 முதல் அரசுத் தொலைக்காட்சிக்குத் தலைவராக இருந்த செர்கேய் லாப்பின் காலத்தில் நேரடி ஒளிபரப்புகள் சுருங்கின. மாணவர் நகைச்சுவைப் போட்டியான கேவிஎன் 1972-இல் நிறுத்தப்பட்டது. மதுக்கூடம் தப்பியது. முன்கூட்டிப் பதிவு செய்யப்படுவது, வரி வரியாக ஒப்புதல் பெற்றது, மேலிடத்துக்கும் பிடித்தது என்று மூன்று கவசம் அதற்கு இருந்தது.

1979-இல் லெனின்கிராட் ஸ்டுடியோ எடுத்த ஓர் இரண்டு பாக டிவி படத்தில் அவருக்கு முக்கிய வேடம் கிடைத்தது. படகில் பயணம் போகும் மூன்று ஆங்கிலேயர்களின் கதை அது. மூன்று பேரும் அங்கத அரங்கின் நடிகர்கள்: அரங்கின் நட்சத்திரம், இரட்டையர் நண்பர், நம்மவர். மதுக்கூடம் இல்லாமலும் அவர் டிவி நகைச்சுவையில் நிற்க முடியும் என்பதற்கு அது சான்று. காலத்தைப் பாருங்கள், தொடர் நிற்பதற்கு ஓராண்டுதான் இருந்தது.

1980

1980 ஆகஸ்டில் போலந்தின் கதான்ஸ்க் கப்பல் கட்டும் தளத்தில் வேலைநிறுத்தம் தொடங்கியது. மாதக் கடைசியில் போலந்து அரசு தொழிலாளர்களோடு ஒப்பந்தம் போட வேண்டியதாயிற்று. செப்டம்பரில் ‘சாலிடாரிட்டி’ தொழிற்சங்கம் உருவானது. மாஸ்கோ தலைமைக்கு போலந்து இப்போது கவலை தரும் பெயர். பானும் பானியும் மது அருந்திச் சிரிக்கும் போலந்தைத் திரையில் காட்டுவது இனி சாத்தியமில்லை. அந்த ஆண்டோடு மதுக்கூடம் மூடப்பட்டது. மொத்தம் 133 நிகழ்ச்சிகள்.

பாதுகாப்பாக இருந்த போலந்துப் போர்வை ஆபத்தாக மாறியது இப்படித்தான். முன்னறிகுறி இல்லாமலும் இல்லை. 1968-இல் செக்கோஸ்லோவாக்கியத் தலைநகர் பிராகாவுக்குள் சோவியத் டாங்கிகள் போனபோது, பாத்திரங்கள் செக் நாட்டவராக இருந்திருந்தால் தொடர் அப்போதே முடிந்திருக்கும். 1970 டிசம்பரில் போலந்தின் கடற்கரை நகரங்களில் தொழிலாளர்கள் சுடப்பட்டபோதும் தொடர் பிழைத்துக்கொண்டது. இரண்டு முறை தப்பியதால் மூன்றாவது முறையும் தப்பும் என்ற எண்ணம் வருவது இயல்பு. மதுக்கூடத்தை வேறு ஊருக்கு மாற்ற, போலந்து இல்லாமலும் நிற்கக்கூடிய ஒரு வடிவத்தைத் தயாராக வைத்திருக்க, பத்தாண்டு கால அவகாசம் இருந்தது. அது நடக்கவில்லை.

பிறகு நடந்தவை

டிவி நகைச்சுவையின் முகமே 1980-களில் மாறியது. 1978-இல் தொடங்கிய ‘சிரிப்பைச் சுற்றி’ நிகழ்ச்சியில் மைக்கின் முன் நின்றவர்கள் எழுத்தாளர்கள். கையில் தாளோடு தாங்களே எழுதியதை வாசித்தார்கள். 1986-இல் கேவிஎன் திரும்பி வந்தபோது மேடை கல்லூரி மாணவர்கள் கைக்குப் போனது. நிலையான ஒரு நடிகர் குழு, நிலையான பாத்திரங்கள், ஏறக்குறைய மாதம் ஒரு நிகழ்ச்சி என்ற அமைப்பு அந்த அளவில் திரும்ப வரவில்லை. 1980-களில் நாடகப் பள்ளியை முடித்து நகைச்சுவைக்கு வந்த ஓர் இளம் நடிகருக்கு மதுக்கூடம் போன்ற ஒரு பயிற்சிக்களம் இல்லை. இந்த இழப்பு போதிய அளவு பேசப்படவில்லை என்பது என் எண்ணம்.

நம் நடிகருக்கு இடைவெளி பெரிதாக விழவில்லை. இரட்டையர் நகைச்சுவை டிவியிலும் கச்சேரி மேடையிலும் தொடர்ந்தது. ஞாயிறு காலை இசை நிகழ்ச்சியையும் இருவரும் சேர்ந்து தொகுத்து வழங்கியதுண்டு. அரங்கில் வேடங்கள் தொடர்ந்தன. 1987-இல் அரங்கு தன் நட்சத்திரத்தை இழந்தது. ரிகாவில், ஃபிகாரோ நாடகத்தின் நடுவே மேடையிலேயே மயங்கி விழுந்தார், சில நாள்களில் இறந்தார். 1989-இல் நம்மவருக்கு ‘மக்கள் கலைஞர்’ பட்டம் கிடைத்தது. 1990 வாக்கில், சினிமாவுக்குத் தனியார் பணம் வரத் தொடங்கிய நேரத்தில், குறைந்த செலவில் வேகமாக எடுத்த நகைச்சுவைப் படங்களில் நாயகனாகவே வந்தார். அவற்றின் தரம் ஏற்றத்தாழ்வானது. ஆனால் ஐம்பதைத் தாண்டிய வயதில் நாயக வேடம் வந்தது என்பதைக் கவனிக்க வேண்டும்.

2000-இல் தலைமை இயக்குநர் ஓய்வு பெற்றார். அவருக்குப் பின் அரங்கின் கலைத் தலைவரானவர் அந்த இரட்டையர் நண்பர். நம் நடிகர் 2018-இல் இறக்கும்வரை அதே அரங்கில்தான் இருந்தார். சேர்ந்து ஏறக்குறைய ஐம்பது ஆண்டு.

மற்றவர்களையும் பார்க்க வேண்டும், ஒருவர் கதையை மட்டும் பார்த்தால் படம் சாய்ந்துவிடும். மூத்த நடிகைக்குத் தாமதமாகவே நல்ல வேடங்கள் வந்தன. வந்தபோது அவர் அவற்றைச் சிறப்பாகச் செய்தார், முதுமையிலும் அரங்கு நிறைய வைத்தார். மாணவியாக இருக்கும்போதே சினிமாவில் பெயர் பெற்று அரங்குக்கு வந்த பானி கத்தரீனாவுக்கு, சினிமா முகம் தனியாக இருந்ததால் மதுக்கூடம் ஒரு கூடுதல் புகழாக இருந்தது. சிறிய பாத்திரங்களில் வந்த சிலர் பெயர் இன்று யாருக்கும் நினைவில்லை.

எதை மாற்றியிருக்கலாம்

அரங்கும் தொலைக்காட்சியும் ஒருபோதும் ஒன்றாக உட்கார்ந்து பேசி ஒரு ஏற்பாட்டுக்கு வரவில்லை. இரண்டும் அரசு அமைப்புகள்தான். ஆண்டுக்கு இத்தனை பதிவு, இந்த நாள்களில் ஒத்திகை இல்லை, பதிலுக்கு அரங்கின் பெயர் நிகழ்ச்சியில் முறையாக வரும் என்று எழுத்தில் வைத்திருந்தால் கோபம் வேடப் பங்கீட்டில் வந்து இறங்கியிருக்காது. தலைமை இயக்குநரின் குறை நியாயமானதாக இருக்கலாம், ஆனால் அதைத் தீர்த்துக்கொண்ட விதத்தில் விலை கொடுத்தவர்கள் நடிகர்கள்.

ஒரே வேடத்தில் பதினான்கு ஆண்டு நிறுத்தி வைத்ததும் தவிர்த்திருக்கக்கூடியது. அவ்வப்போது நடிகர்களைச் சொந்தப் பெயரில், வேறு வேடத்தில், ஒரு தனி நிகழ்ச்சியில் காட்டியிருந்தால் பார்வையாளர் ‘பான்’ வேடத்தையும் நடிகரையும் பிரித்துப் பார்க்கப் பழகியிருப்பார்கள். இரட்டையர் நகைச்சுவை தொகுப்பாளருக்குச் செய்தது இதைத்தான். மற்றவர்களில் பலருக்கு அந்த வாய்ப்பு அமையவில்லை.

இளம் நடிகர்களுக்கு நான் இதிலிருந்து சொல்வது ஒன்றே. தொடர் நன்றாக ஓடும்போதே, அது நின்றால் எந்த மேடையில் நிற்பீர்கள் என்பதைத் தீர்மானித்து அங்கே வேலையைத் தொடங்கிவிடுங்கள். நின்ற பிறகு தேடத் தொடங்கியவர்களுக்கு இந்த நிகழ்வில் நேரம் கிடைக்கவில்லை.

கடைசியாக, ஒளிப்பதிவுகள். 133 நிகழ்ச்சிகளில் இன்று முழுதாகப் பார்க்கக் கிடைப்பவை மிகச் சில. வீடியோ நாடா விலை அதிகம், தட்டுப்பாடும் உண்டு. ஒளிபரப்பு முடிந்ததும் அழித்து அதிலேயே அடுத்ததைப் பதிவார்கள். நாடகம் என்றால் வசனப் பிரதியாவது மிஞ்சும். இங்கே நடிகர்களின் பதினான்கு ஆண்டு வேலையில் பெரும்பகுதி நாடாவோடு சேர்ந்து போய்விட்டது. ஆண்டுக்கு இரண்டு நிகழ்ச்சியை மட்டும் அழிக்காமல் ஒதுக்கி வைத்திருந்தாலே ஏறக்குறைய முப்பது மிஞ்சியிருக்கும், அந்த நடிகர்களின் தொழிலை இன்று ஆண்டுவாரியாக ஒப்பிட்டுப் படித்திருக்கலாம். இப்போது ஒரு தொடரையோ நாடகக் குழுவையோ நடத்துபவர்கள் எதை வைத்துக்கொள்வது என்ற பட்டியலை முதல் பதிவு நாளிலேயே எழுதி, அதற்கு ஒருவரைப் பொறுப்பாக்கிவிட வேண்டும்.